சோங்-குல் ஏரி: ஓர் இரவு கீழே தங்கிவிட்டு ஏறுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். கிர்கிஸ்தானின் சோங்-குல் ஏரியும் அதன் கரையில் வரிசையாக நிற்கும் வெள்ளை யுர்ட் கூடாரங்களும் இப்போது தமிழ் ஏடுகளின் சுற்றுலாப் பக்கங்களில் அடிக்கடி இடம்பெறுகின்றன. பிஷ்கெக்கிலும் ஓஷிலும் நம் பிள்ளைகள் பலர் மருத்துவம் படிக்கிறார்கள். அவர்களைப் பார்க்க வரும் பெற்றோர், வந்ததே வந்தோம், அந்த ஏரியையும் பார்த்துவிடலாம் என்று கிளம்புகிறார்கள். கட்டுரைகளில் ஏரியின் அழகு இருக்கிறது, வாடகை விவரம் இருக்கிறது. உயரத்தைப் பற்றி மட்டும் ஒரு வரிகூட இருப்பதில்லை.

சோங்-குல் கடல் மட்டத்திலிருந்து 3,016 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. தமிழ்நாட்டின் மிக உயரமான சிகரமான தொட்டபெட்டாவே 2,637 மீட்டர்தான். அங்கேயும் அரை மணி நேரம் நின்று பார்த்துவிட்டு இறங்கிவிடுகிறோம். சோங்-குல்லில் படுத்துத் தூங்கப் போகிறோம். வித்தியாசம் இதில்தான் இருக்கிறது. 3,000 மீட்டரில் காற்றழுத்தம் கடற்கரையில் உள்ளதில் ஏறக்குறைய எழுபது சதவீதமே. விழித்திருக்கும்போது வேகமாக மூச்சு வாங்கி உடல் எப்படியோ சமாளித்துக்கொள்கிறது. தூக்கத்தில் மூச்சு தளர்ந்து, ரத்தத்தில் ஆக்சிஜன் இன்னும் குறைகிறது. அதனால்தான் மலை மருத்துவர்கள் பகலில் எவ்வளவு உயரம் ஏறினீர்கள் என்பதைவிட இரவில் எந்த உயரத்தில் படுத்தீர்கள் என்பதையே முதலில் கேட்பார்கள்.

வழக்கமான பயணத் திட்டம் என்ன? காலையில் 800 மீட்டர் உயரத்திலுள்ள பிஷ்கெக்கில் காரில் ஏறி, மாலை நான்கு மணிக்கு ஏரிக்கரையில் இறங்குவது. ஒரே நாளில் 2,200 மீட்டர் ஏற்றம். உயரத்தில் ஆக்சிஜன் குறைவதால் வரும் உயர நோய், போய் இறங்கியவுடன் தெரியாது. பொதுவாக ஆறு முதல் பன்னிரண்டு மணி நேரம் கழித்துத்தான் தலைகாட்டும். ஆகவே மாலையில் எல்லோரும் உற்சாகமாகப் படம் எடுப்பார்கள், குதிரை ஏறுவார்கள். நள்ளிரவில்தான் மண்டையிடி, குமட்டல், தூக்கமின்மை, எழுந்தால் தலைசுற்றல் என்று ஒவ்வொன்றாகத் தொடங்கும். அந்த நேரத்தில் செல்போன் சிக்னலும் நிச்சயமில்லை.

இன்னொரு விஷயத்தை எந்தக் கட்டுரையிலும் காண முடிவதில்லை. உயர நோய்க்கு முதல் மருந்து கீழே இறங்குவதுதான். ஆனால் சோங்-குல் ஒரு கிண்ணத்தின் அடியில் கிடப்பதுபோல் சுற்றிலும் மலைகளுக்கு நடுவே இருக்கிறது. கீழே உள்ள கொச்கோர் என்னும் ஊருக்குத் திரும்பும் கார் சாலை முதலில் ஏறக்குறைய 3,450 மீட்டர் உயரமுள்ள கல்மாக்-அஷூ கணவாய்க்கு ஏறி, அதன் பிறகுதான் இறங்குகிறது. தெற்கே போகும் மோல்டோ-அஷூ பாதையிலும் ஏறித்தான் இறங்க வேண்டும். நடுராத்திரியில் மூச்சு முட்டும் ஒருவரைக் காப்பாற்ற அவரை இன்னும் மேலே கொண்டுபோக வேண்டியிருக்கிறது. இப்படிப்பட்ட இடத்துக்கு உடலைப் பழக்கப்படுத்திக்கொண்டு போவதைத் தவிர வேறு பாதுகாப்பு கிடையாது.

அதற்கு அருமையான வழி அங்கேயே இருக்கிறது: கிசார்ட் கிராமத்திலிருந்து கிளெம்சே பள்ளத்தாக்கு வழியாக நடந்து போவது. முதல் இரவைக் கொச்கோரில் கழியுங்கள். பிஷ்கெக்கிலிருந்து சுமார் மூன்று மணி நேரப் பயணம். உயரம் ஏறக்குறைய 1,800 மீட்டர். யுர்ட் தங்கல், வழிகாட்டி, குதிரை எல்லாவற்றையும் அங்குள்ள சமூகச் சுற்றுலா அலுவலகங்களிலேயே ஏற்பாடு செய்துகொள்ளலாம். கிராமத்து மக்களின் வீடுகளிலும் கூடாரங்களிலும் பயணிகளைத் தங்கவைக்கும் இந்த முறை கிர்கிஸ்தானில் வேரூன்றிய ஊர்களில் கொச்கோர் முக்கியமானது. மறுநாள் காலை காரில் கிசார்ட் போய், அங்கிருந்து நடை. இரண்டாம் இரவு சுமார் 2,500 மீட்டரில் கிளெம்சே மேய்ச்சல் வெளியில் உள்ள யுர்ட்டில். மூன்றாம் இரவுதான் ஏரிக்கரையில். 800, 1,800, 2,500, 3,016 என்று படுக்கும் உயரம் படிப்படியாக ஏறுவதைக் கவனியுங்கள். 2,500-க்கு மேல் ஓர் இரவுக்கு ஐந்நூறு மீட்டருக்கு மிகாமல் ஏற வேண்டும் என்ற மருத்துவ அறிவுரைக்கு இந்தப் பாதை ஏறக்குறையப் பொருந்திவருகிறது. இரண்டு நாள் கூடுதலாகிறது, அவ்வளவுதான்.

முதல் நாள் நடை நான்கிலிருந்து ஆறு மணி நேரம். வழியில் 3,000 மீட்டரைத் தாண்டும் சார்-ஆர்ச்சா கணவாயில் ஏறிக் கிளெம்சேயில் இறங்குவீர்கள். உயரத்தைத் தொட்டுவிட்டுத் தாழ்வான இடத்தில் தூங்குவதால் உடலுக்கு இது நல்ல பயிற்சி. இரண்டாம் நாள்தான் கடினம். ஜல்கிஸ்-கரகாய் கணவாய் 3,300 மீட்டர் அளவில் இருக்கிறது. ஏரி வரைக்கும் ஆறேழு மணி நேரம் ஆகும். காலை ஏழரைக்குள் கிளம்பிவிட வேண்டும். அங்கே கோடையில் பிற்பகலானால் மேகம் திரண்டு இடி மின்னலுடன் ஆலங்கட்டி கொட்டுவது வழக்கம். கணவாயில் ஒதுங்க மரமோ பாறையோ கிடையாது, வெறும் புல்வெளி. அந்த வெளியில் உயர்ந்து நிற்பது நீங்கள் ஒருவர்தான். பகல் பன்னிரண்டு மணிக்குள் கணவாயைக் கடந்துவிட வேண்டும். பத்து மணிக்கே வானம் இருண்டால் யுர்ட்டுக்குத் திரும்பிவிடுவதுதான் சரி.

ஏறும்போது வேகம் எவ்வளவு என்று பலரும் கேட்பார்கள். பக்கத்தில் வருபவரோடு முழு வாக்கியமாகப் பேசிக்கொண்டே ஏற முடிந்தால் அதுதான் சரியான வேகம். இரண்டு சொல்லுக்கு ஒருமுறை மூச்சு வாங்கினால் வேகத்தைப் பாதியாகக் குறையுங்கள். ஓடி ஏறிப் பிறகு உட்கார்ந்து ஓய்வெடுக்கும் பழக்கம் நம்மவர்களிடம் அதிகம். மலையில் அது உடம்பை உருக்கிவிடும். முதுகுப் பை ஏழு கிலோவுக்கு மேல் வேண்டாம். மிச்சத்தைக் குதிரையில் ஏற்றிவிடலாம். நடக்க முடியாதவர்கள் தாங்களே குதிரையில் வரலாம். ஆனால் குதிரை கால்களுக்குத்தான் ஓய்வு தரும். உயரத்தின் பாதிப்பைக் குறைக்காது. குதிரையில் வந்தவருக்கும் நடந்து வந்தவருக்கும் இரவில் அதே காற்றுதான். சேணத்தில் தொங்கும் வளையத்தில் கால் வைத்தபின் முழங்கால் சற்றே மடங்கியிருக்கும்படி வாரின் நீளத்தைச் சரிசெய்யச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் இரண்டு மணி நேரத்தில் முழங்கால் வலி தாங்காது.

ஷூ புதிதாக இருக்கக் கூடாது. ஒரு மாதமாவது போட்டு நடந்து பழகியதாக இருக்க வேண்டும். கிளம்பும் முன் கால் நகங்களை ஒட்ட வெட்டிவிடுங்கள்; இறக்கத்தில் விரல் நுனி ஷூவில் இடித்து நகம் கறுத்துப் போவது நகம் நீண்டிருப்பதால்தான். குதிகாலில் சூடாக உரசுவதுபோல் தோன்றிய அந்த நிமிடமே நின்று பிளாஸ்திரி ஒட்ட வேண்டும். அடுத்த ஓய்வில் பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளிப்போட்டால் கொப்புளம் வந்துவிடும். ஓடைகள் பிற்பகலில் பனி உருகிப் பெருகும் என்பதால் காலையில் கடப்பது எளிது. மேய்ச்சல் நிலத்தில் மாட்டுத் தடங்கள் நாலாபக்கமும் பிரிந்து போகும். பனிமூட்டத்தில் அவற்றை நம்பி நடந்தால் வேறு பள்ளத்தாக்கில் போய் நிற்க நேரிடும். இணையம் இல்லாமலும் வேலை செய்யும் வரைபடத்தைப் பிஷ்கெக்கிலேயே போனில் இறக்கிவைத்துக்கொள்ளுங்கள்.

ஓடைத் தண்ணீர் தெளிவாகத்தான் இருக்கும். மேலே ஆயிரக்கணக்கில் ஆடும் மாடும் குதிரையும் மேய்கின்றன. கொதிக்க வைக்காமல் ஒரு வாய்கூடக் குடிக்க வேண்டாம். அந்த உயரத்தில் தண்ணீர் 90 டிகிரியிலேயே கொதித்துவிடுவதால், கொதி வந்த பின் மூன்று நிமிடம் விட வேண்டும். அதே காரணத்தால் அரிசியும் பருப்பும் குக்கர் இல்லாமல் எளிதில் வேகாது. ஊரிலிருந்து பருப்பு கட்டிக்கொண்டு போகிறவர்கள் இதைத் தெரிந்துகொள்வது நல்லது. பருப்புப் பொடி, வறுத்த அவல், ஊறுகாய் என்று வேகவைக்கத் தேவையில்லாதவற்றை எடுத்துச் செல்லலாம். யுர்ட்டில் ரொட்டி, பூர்சோக் என்னும் பொரித்த மாவுத் துண்டுகள், கெட்டியான பாலேடு, பழ ஜாம், தேநீர் தாராளமாகக் கிடைக்கும். சைவர்களுக்குச் சிக்கல் சூப்பில்தான்: காய்கறி சூப்பும் ஆட்டெலும்புச் சாற்றில்தான் கொதிக்கும். பரிமாறிய பிறகு சொன்னால் கறித்துண்டுகளை மட்டும் எடுத்துவிட்டுத் தருவார்கள். முன்பதிவு செய்யும்போதே ‘எத்சிஸ்’, கறி இல்லாமல், என்று சொல்லிவிடுங்கள். குமிஸ் என்னும் புளித்த குதிரைப்பாலை மரியாதைக்கு ஒரு மிடறு குடிக்கலாம்; முதல் நாளே ஒரு கிண்ணம் குடித்தால் வயிறு இரவெல்லாம் வேலை வாங்கும். கழிவறை ஐம்பது அடிக்கு அப்பால் இருளில் இருக்கும். தலையில் மாட்டும் டார்ச் இல்லாமல் போக வேண்டாம்.

இனி யுர்ட் பற்றி. மடித்து விரிக்கக்கூடிய மரப் பின்னல்தான் சுவர். அதன் மேல் வளைந்த கழிகள் ஏறி உச்சியில் துந்துக் என்னும் மர வளையத்தில் பொருந்துகின்றன. கிர்கிஸ்தான் கொடியின் நடுவில் இருப்பது இந்த வளையமே. இந்தச் சட்டத்தைச் சுற்றி, ஆட்டு ரோமத்தை நனைத்து அழுத்தித் திரட்டிய தடித்த கம்பளம் போர்த்தப்பட்டிருக்கும். கிர்கிஸ், கசாக் மக்களின் யுர்ட் செய்யும் கலையை 2014-இல் யுனெஸ்கோ தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது. காற்றையும் குளிரையும் தாங்குவதில் இதற்கு இணை இல்லை. வாசற்படியை மிதிக்காமல் தாண்டி உள்ளே போங்கள். வாசலுக்கு நேர் எதிர்ப்பக்கம் பெரியவர்களின் இடம், வீட்டுக்காரர் உட்காரச் சொன்ன பிறகு அங்கே உட்காரலாம்.

நடுவில் இரும்பு அடுப்பு. எரிபொருள் காய்ந்த வறட்டி. சில முகாம்களில் நிலக்கரியும் உண்டு. புகைக்குழாய் கூரை வழியாக வெளியே போகும். ஜூலையிலும் இரவில் வெப்பநிலை பூஜ்யத்தை நெருங்கும் இடம் என்பதால் எல்லோரும் அடுப்பை நிறைத்துவிட்டு, துந்துக்கின் மேல் உள்ள கம்பள மூடியைக் கயிற்றால் இழுத்து முழுக்க மூடிவிட்டுத் தூங்கிவிடுகிறார்கள். இதுதான் ஆபத்து. காற்று போதாமல் புகையும் வறட்டியும் கரியும் கார்பன் மோனாக்சைடை வெளிவிடுகின்றன. அதற்கு நிறமும் இல்லை, மணமும் இல்லை. ‘புகை நாற்றம் வரவில்லையே’ என்று நினைப்பதில் பயனில்லை.

கொடுமை என்னவென்றால் இந்த நச்சின் அறிகுறிகளும் உயர நோயின் அறிகுறிகளும் ஒன்றுதான்: தலைவலி, குமட்டல், தலைசுற்றல், சோர்வு. உயரத்தால்தான் என்று நினைத்து மாத்திரை போட்டுக்கொண்டு அதே கூடாரத்தில் திரும்பப் படுப்பார்கள். பிரித்தறிய எளிய வழி உண்டு. ஒரே கூடாரத்தில் இருக்கும் எல்லோருக்கும் ஏறக்குறைய ஒரே நேரத்தில் தலை வலித்தால், அடுப்பின் மீதே முதல் சந்தேகம் வர வேண்டும். எல்லோரும் உடனே வெளியே வாருங்கள். திறந்த வெளியில் சற்று நேரத்தில் தலை தெளிந்தால் அடுப்புதான் காரணம்; தெளியாவிட்டாலும், காரணம் தெரியும்வரை அந்தக் கூடாரத்துக்குள் திரும்பிப் போகக் கூடாது. ரத்தத்தின் ஆக்சிஜன் அளவைக் காட்ட விரலில் மாட்டும் ஆக்சிமீட்டரை இதற்கு நம்பவே கூடாது. கார்பன் மோனாக்சைடு கலந்த ரத்தத்தையும் அது ஆக்சிஜன் நிறைந்த ரத்தமாகவே படித்து, நல்ல எண்ணைக் காட்டும்.

படுக்கும் முன் இரண்டு நிமிடம் செலவிட்டால் போதும். புகைக்குழாயின் ஒவ்வொரு இணைப்பையும் டார்ச் அடித்துப் பாருங்கள். இணைப்பை ஒட்டிக் கரி படிந்திருந்தால் அங்கே கசிவு இருக்கிறது. குழாய் கூரைக்கு மேல் நன்றாக நீட்டிக்கொண்டிருக்கிறதா என்று வெளியே போய்ப் பாருங்கள். குட்டையாக இருந்தால் காற்று அடிக்கும்போது புகை உள்ளே திரும்பும். துந்துக் மூடியை ஒரு கையகலமாவது திறந்துவையுங்கள். அடுப்பு எரிந்து அணையும்வரை விழித்திருந்துவிட்டுத் தூங்குங்கள். நிலக்கரியை நிறைத்துவிட்டுத் தூங்கவே கூடாது. விடியற்காலையில் வந்து மூட்டித் தரச் சொன்னால் வீட்டுக்காரர்கள் மகிழ்ச்சியாகச் செய்வார்கள். பேட்டரியில் இயங்கும் கார்பன் மோனாக்சைடு எச்சரிக்கைக் கருவி கையடக்கமானது. ஒரு குடும்பத்துக்கு ஒன்று கட்டாயம் வேண்டும் என்பேன்.

அடுப்பு அணைந்தால் குளிராதா? குளிரும். அதற்குத் துணிதான் பதில். குளிர் மேலிருந்து வருவதைவிடத் தரையிலிருந்துதான் அதிகம் ஏறும். இன்னொரு போர்வை கேட்பதற்குப் பதில், அடியில் போட இன்னொரு மெத்தை கேளுங்கள். நடந்தபோது வியர்த்த பனியன், காலுறை அத்தனையையும் மாற்றிவிட்டு உலர்ந்த கம்பளி உடையில் படுக்க வேண்டும். பருத்தித் துணி வியர்வையைப் பிடித்துக்கொண்டு உடல் சூட்டை உறிஞ்சும். மலைக்கு அது ஆகாது. கம்பளிக் குல்லா, கையுறை, மழைக்கோட்டு மூன்றும் ஜூலையிலும் தேவை. பகலில் வெயில் மூக்கையும் உதட்டையும் உரித்துவிடும்.

மருந்து பற்றியும் சொல்ல வேண்டும். உயர நோயைத் தடுக்க அசெட்டசோலமைடு 125 மில்லிகிராம் காலையும் மாலையும், ஏறுவதற்கு முந்தைய நாளே தொடங்குவது வழக்கமான அளவு. மருத்துவரைக் கேட்காமல் வாங்கி விழுங்க வேண்டாம். சல்பா மருந்து ஒவ்வாதவர்கள் அதைக் கட்டாயம் முன்கூட்டியே மருத்துவரிடம் சொல்ல வேண்டும். இந்த மாத்திரையால் விரல் நுனி மரத்துக் குறுகுறுக்கும், சிறுநீர் அதிகம் போகும்; பயப்பட வேண்டாம். சர்க்கரை நோயாளிகள் இன்சுலினைப் பையில் வைத்துவிட்டுத் தூங்கினால் இரவில் உறைந்துவிடக்கூடும். உறைந்த இன்சுலின் பிறகு உருகினாலும் பயன்படாது. இரவில் உடம்போடு, சட்டைக்கு உள்ளே வைத்துக்கொள்ளுங்கள். இதய நோயோ நுரையீரல் நோயோ உள்ளவர்கள் மருத்துவர் அனுமதி இல்லாமல் இந்தப் பயணத்துக்கு வரக் கூடாது. முதல் இரவில் தூக்க மாத்திரையும் மதுவும் அறவே கூடாது. இரண்டுமே மூச்சை இன்னும் தளர்த்தும்.

லேசான தலைவலி மட்டும் என்றால் அதே உயரத்தில் ஓய்வெடுத்தால் பெரும்பாலும் ஓரிரு நாளில் சரியாகிவிடும். சரியாகும்வரை மேலே ஏறக் கூடாது. ஆனால் சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்கினாலோ, தரையில் ஒரு நேர்க்கோட்டில் குதிகாலை விரலோடு ஒட்டி வைத்து நடக்கச் சொன்னால் தள்ளாடினாலோ, பேச்சு குழறினாலோ விடியும்வரை காத்திருக்கக் கூடாது. கார் ஓட்டுநரை எழுப்பிக் கொச்கோருக்கு இறங்க வேண்டும். அந்த நிலையில் கணவாய் ஏற்றத்தையும் தாங்கித்தான் ஆக வேண்டும். வாங்கும் பயணக் காப்பீடு 3,000 மீட்டருக்கு மேல் செல்லுபடியாகுமா என்று படித்துப் பாருங்கள். பல திட்டங்களில் உயர வரம்பு உண்டு.

திரும்பும் வழி எளிது. காரில் கல்மாக்-அஷூ வழியாகக் கொச்கோர் வரலாம்; கால்களில் தெம்பு இருந்தால் தூஸ்-அஷூ கணவாய் ஏறி மறுபடி கிசார்ட்டில் இறங்கலாம். ஏரிக்கரையில் ஏடிஎம் கிடையாது. கிர்கிஸ்தான் பணமான சோம் நோட்டுகளைச் சில்லறையாகப் பிஷ்கெக்கிலேயே மாற்றிக்கொள்ளுங்கள்.

காலத்தைப் பற்றியும் ஒரு தவறான எண்ணம் இருக்கிறது. நம் பள்ளி விடுமுறை ஏப்ரலும் மேயும். அந்த மாதங்களில் சோங்-குல் பெரும்பாலும் இன்னும் உறைந்து கிடக்கும், கணவாய்ச் சாலையில் பனி மூடியிருக்கும், யுர்ட் ஒன்றுகூட இருக்காது. மேய்ப்பர்கள் ஜூன் மாதத்தில்தான் மந்தைகளோடு மேலே வந்து கூடாரம் போடுகிறார்கள். செப்டம்பரில் பிரித்துக்கொண்டு இறங்கிவிடுகிறார்கள். ஜூன் நடுவிலிருந்து ஆகஸ்ட் முடிய நடைக்கு ஏற்ற காலம். ‘மே விடுமுறையில் யுர்ட் தங்கல்’ என்ற விளம்பரத்தைப் பார்த்தால், அந்த யுர்ட் எந்த ஊரில், எத்தனை மீட்டர் உயரத்தில் இருக்கிறது என்று கேளுங்கள். சோங்-குல்லாக இருக்க வாய்ப்பில்லை.

தங்கள் நாளிதழுக்கு ஒரு வேண்டுகோள். மலைப் பயணக் கட்டுரை எதை வெளியிட்டாலும், வாடகையும் தூரமும் அச்சாகும் அதே பெட்டியில், இரவு தங்கும் இடத்தின் உயரத்தையும் அதற்கு முந்தைய இரவு தங்க வேண்டிய உயரத்தையும் சேர்த்து அச்சிடுங்கள். சோங்-குல் பற்றி அடுத்து எழுதும்போது கிளெம்சே பாதையையும், அடுப்பு எரியும்போது துந்துக்கைத் திறந்துவைக்க வேண்டும் என்பதையும் விட்டுவிடாதீர்கள்.

இப்படிக்கு,
மலை நடைப்பயணங்களுக்கு ஆட்களை அழைத்துச் செல்லும் ஒரு வாசகர்,
பிஷ்கெக்.